வெல்லப்பாகு நிறக் கவசம்

ஆம்பூர்
11 ஜூன் 2005

அக்கா,

'கர்த்தருக்குள் பிரியமான' என்று ஆரம்பிக்கும்படி அம்மா சொன்னார்கள். ஆரம்பித்துவிட்டதாக வைத்துக்கொள். பல்லாவரத்தில் நீ சொந்தமாகக் கம்ப்யூட்டர் வாங்கிவிட்டாய் என்று கேட்டதிலிருந்து எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. போனில் விளக்கலாம் என்றால் அம்மா பக்கத்திலேயே உட்கார்ந்து 'பில்லு ஏறுது, பில்லு ஏறுது' என்கிறார்கள். அதனால்தான் சிடியோடு இந்தக் கடிதம். கூரியர்காரர் மடித்துவிடாமல் இருக்க இரண்டு பக்கமும் அட்டை வைத்திருக்கிறேன்.

சிடியில் நம்முடைய 'ஆஷன்வேல்' விளையாட்டு இருக்கிறது. நீ போன பிறகு நான் சேர்த்த மோட்களும் இருக்கின்றன. காடு, கோட்டை, மலை எல்லாமே அடையாளம் தெரியாமல் மாறிவிட்டன. ஆற்றுத் தண்ணீர் இப்போது நிஜத் தண்ணீர் போலவே அசைகிறது. பாலாற்றில் பார்க்க முடியாததை இதில் பார்த்துக்கொள்ளலாம். நம் போர்வீராங்கனை சம்பூர்ணம் இன்னமும் டிராகன்களைத் துரத்திக்கொண்டுதான் இருக்கிறாள். பாவம், கணக்கு டீச்சர் மேல் இருந்த கோபத்தில் நீ வைத்த பெயர் அவளுக்கு நிலைத்துவிட்டது.

இனி போடும் முறை. தூங்காமல் படி. மோட் என்றால் உன் ஃபினிஷிங் செக்ஷன் வேலை மாதிரிதான். தோல் அதே தோல், மேலே ஒரு கோட் அடிக்கிறீர்கள் இல்லையா? இதுவும் அப்படித்தான். விளையாட்டு அதேதான், மேலே இருக்கிற படங்களை மட்டும் மாற்றுகிறோம். முதலில் விளையாட்டைப் போட்டுக்கொள். அதற்குள் 'டேட்டா' என்று ஒரு ஃபோல்டர் இருக்கும். அதை அப்படியே காப்பி எடுத்து வேறு இடத்தில் பத்திரமாக வை. இதை மட்டும் மறந்துவிடாதே. ஏதாவது சொதப்பினால் பழைய நிலைக்குத் திரும்ப அது ஒன்றுதான் வழி. பிறகு சிடியில் இருக்கும் 'தண்ணீர்', 'முகம்', 'தோல்' என்ற ஃபோல்டர்களை இதே வரிசையில் உள்ளே போடு. 'பழைய ஃபைல் ஒன்று இருக்கிறது, அதன் மேலேயே எழுதிவிடட்டுமா?' என்று கேட்கும். ஆமாம் என்று சொல். வரிசை மாறினால் சம்பூர்ணத்தின் முகம் கத்தரிக்காய் நிறத்துக்குப் போய்விடும். எனக்குப் போயிற்று.

கடைசி ஃபோல்டர் முழுக்க என் கைவேலை. அவள் போட்டிருக்கும் தோல் கவசத்தைப் பார்த்து, "இது தோலா? பஸ் சீட்டு ரெக்ஸின்டா இது" என்று நீதானே சிரித்தாய்? இப்போது பார். நிஜத் தோலை ஸ்கேன் செய்து போர்த்தியிருக்கிறேன். ஜனவரியில் ஒரு சனிக்கிழமை உன் சாப்பாட்டுப் பையில் வெல்லப்பாகு நிறத்தில் அழகாக ஒரு துண்டு இருந்தது. அரை நாள் வேலை முடிந்து வந்து நீ மத்தியானத் தூக்கத்தில் இருந்தாய். எடுத்துக்கொண்டு ரஃபி அகமது அண்ணனின் பிரவுசிங் சென்டருக்கு ஓடினேன். ஸ்கேனர் அங்கேதான் இருக்கிறது. முதல் தடவை படம் சப்பென்று வந்தது, தோலின் ரேகையே தெரியவில்லை. அப்போது ஒரு யோசனை வந்தது. பக்கத்து சலூனில் தேங்காயெண்ணெய் வாங்கிப் பஞ்சில் தொட்டு லேசாகத் தேய்த்தேன். அடடா! ஒவ்வொரு ரேகையும் எழுந்து நின்றது. நன்றாகத் துடைத்துவிட்டு, நீ எழுந்திருப்பதற்குள் பையில் திருப்பி வைத்துவிட்டேன். கெட்டிக்காரன்தானே?

இந்தத் தோல் மோட்டை ஒரு வெளிநாட்டு இணையதளத்தில் ஏற்றினேன். யார் யாரோ இறக்கிப் போட்டுக்கொள்கிறார்கள். ஒரு ஃபின்லாந்துக்காரன், 'விளையாட்டுகளில் நான் பார்த்த முதல் உண்மையான தோல் இதுதான்' என்று எழுதியிருக்கிறான். அதைப் படித்த அன்று சந்தோஷத்தில் எனக்குச் சோறு இறங்கவில்லை. காலேஜ் ரிசல்ட் வரும்வரை இதுதான் என் பெருமை.

பஜாரில் வேலு அண்ணனைப் பார்த்தேன். உன் கம்பெனியில் கலர் கலக்கும் வேலையை விட்டு அவரை நிறுத்தியதிலிருந்து தோல் மண்டியில் கட்டு இறக்குகிறார். தடிமனாகக் கண்ணாடி போட்டிருக்கிறார். "பாப்பா நல்லா கீதா? மெட்ராஸ் சாப்பாடு ஒத்துக்குதா?" என்று உன்னைத்தான் கேட்டார்.

போட்டுப் பார்த்துவிட்டு உடனே எழுது.

உன் தம்பி
ஜோவின்


பல்லாவரம்
15 ஜூன் 2005

ஜோவின்,

சிடி வந்தது. இன்னும் போடவில்லை.

நான் கேட்பதற்கு மட்டும் பதில் எழுது. கதை வேண்டாம். அந்தத் துண்டின் பின்பக்கம் வெள்ளை லேபிள் ஒட்டியிருந்ததா? அதில் கையெழுத்தும் சிவப்பு முத்திரையும் இருந்தனவா? பையில் அதே நிறத்தில் இன்னொரு துண்டும் இருந்திருக்கும், அதன் பின்னால் ஒன்றும் ஒட்டியிருக்காது. அதிலும் எண்ணெய் தேய்த்தாயா, அல்லது லேபிள் ஒட்டியதில் மட்டுமா? மறுநாள் சர்ச் முடிந்து வந்து நான் மொட்டை மாடியில் இரண்டு துண்டுகளை வெயிலில் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தேன், நீ காற்றாடியைத் தேடி மேலே வந்தாய். அதற்கு முந்தின நாள்தானா இது?

யாரிடமும் இதைப் பற்றிப் பேசாதே. அம்மாவிடமும்தான். வீட்டுக்குப் போன் செய்யும்போது நானும் கேட்க மாட்டேன், நீயும் சொல்லாதே. எழுது.

கரோலின்


ஆம்பூர்
19 ஜூன் 2005

அக்கா,

லேபிள் ஒட்டியதில் மட்டும்தான் தேய்த்தேன். கையெழுத்து இருந்தது, சிவப்பு முத்திரையும் இருந்தது. நீ மாடியில் பார்த்தாயே, அதற்கு முந்தின நாள்தான்.

உன் கடிதத்தைப் பிரித்ததும் முதலில் கோபம்தான் வந்தது. இவ்வளவு பாடுபட்டுச் செய்து அனுப்பினால் நன்றாக இருக்கிறது என்று ஒரு வார்த்தை இல்லையே என்று. பிறகு திரும்பப் படித்தேன். வெள்ளை லேபிள், முத்திரை. அப்புறம்தான் மார்ச்சில் வீடே எழவு வீடு மாதிரி இருந்தது ஞாபகம் வந்தது. ஜெர்மனிக்குப் போன சரக்கு நிறம் சரியில்லை என்று திரும்பிவிட்டது, வேலு அண்ணனை நிறுத்திவிட்டார்கள் என்று சொல்லிவிட்டு நீ சாப்பிடாமல் படுத்துக்கொண்டாய். அந்தச் சரக்கும் வெல்லப்பாகு நிறம்தானே? காக்னாக் என்று ஏதோ பேர் சொன்னாயே. அக்கா, அது நான்தானா?

இல்லை என்று எழுதிவிடு. அந்தத் துண்டு வேறு, இந்தச் சரக்கு வேறு என்று ஒரே ஒரு வரி எழுதிவிடு.

ஆனால் நான் ஒன்றைப் பார்த்துவிட்டேன். எண்ணெய் தேய்ப்பதற்கு முன்னால் எடுத்த ஸ்கேனை நான் அழிக்கவில்லை. உன் சிடியிலும் 'தோல்' ஃபோல்டருக்குள் 'பழசு' என்ற பெயரில் இருக்கிறது. நேற்று பிரவுசிங் சென்டரில் அதையும் பிறகு எடுத்ததையும் திரையில் அக்கம்பக்கமாக வைத்தேன். ரஃபி அண்ணன் டீயோடு வந்து எட்டிப் பார்த்து, "இன்னாடா, ரெண்டு கலர்ல செஞ்சிருக்கியா?" என்று கேட்டுவிட்டுப் போனார். ஒரே துண்டு, ஒரே ஸ்கேனர், ஒரே நாள். நான் உட்கார்ந்த இடத்திலேயே உட்கார்ந்திருந்தேன்.

இன்று சர்ச்சில் திருவிருந்துக்கு எழுந்து போகவில்லை. அம்மா முறைத்தார்கள். வயிற்று வலி என்றேன். அந்தத் தளத்தில் இன்றைக்கும் யாரோ புகழ்ந்து எழுதியிருக்கிறார்கள், நிறம் பிரமாதமாம்.

நான் வேலு அண்ணனிடம் போய்ச் சொல்லிவிடட்டுமா?

ஜோவின்


பல்லாவரம்
26 ஜூன் 2005

ஜோவின்,

போகாதே. இதைப் படித்து முடிக்கும்வரையாவது போகாதே.

நடந்ததைச் சொல்கிறேன். வெளிநாட்டுக்காரர்கள் ஒரு நிறத்தைச் சரி என்று சொன்னதும், அந்தத் தோலிலிருந்து ஒரு துண்டை எடுத்து இரண்டாக வெட்டி, இரண்டிலும் கையெழுத்துப் போடுவார்கள். ஒரு பாதி அவர்களிடம், ஒரு பாதி நம்மிடம். அதற்குத்தான் மாஸ்டர் சாம்பிள் என்று பெயர். சரக்கு முழுவதும் அதைப் பார்த்துத்தான் அடிக்க வேண்டும். அது நிறம் சரிபார்க்கும் எங்கள் ஷேட் ரூம் அலமாரியை விட்டு வெளியே போகவே கூடாது. புதிதாக வந்த பையனுக்குக்கூட அது தெரியும்.

அந்தச் சனிக்கிழமை நிறம் பார்க்கிற பெட்டியில் விளக்கு எரியவில்லை. வேலு அண்ணன் வண்ணம் கலந்து ஒரு ட்ரயல் துண்டு அடித்துக் கொடுத்திருந்தார். ஞாயிற்றுக்கிழமை நல்ல வெயிலில் பார்த்துவிட்டால் திங்கட்கிழமை காலையிலேயே மிஷினை ஓட்டிவிடலாம் என்று, ட்ரயலையும் மாஸ்டர் சாம்பிளையும் சாப்பாட்டுப் பையில் போட்டு எடுத்து வந்தேன். எனக்குச் சீக்கிரம் முடித்து நல்ல பேர் வாங்க வேண்டும். மாடியில் வைத்துப் பார்த்தபோது ட்ரயல் வெளுப்பாகத் தெரிந்தது. தெரியாதா பின்னே? உன் எண்ணெயைக் குடித்த சாம்பிளுக்குப் பக்கத்தில் எதை வைத்தாலும் வெளுப்பாகத்தான் தெரியும். அது மேல்பூச்சு கம்மியான தோல், ஒரு சொட்டு எண்ணெய் பட்டாலே கறுத்துவிடும்.

திங்கட்கிழமை வேலு அண்ணனிடம் இன்னும் கொஞ்சம் டார்க் ஆக்கச் சொன்னேன். அவர் சாம்பிளைப் பார்த்தார், ட்ரயலைப் பார்த்தார். "சனிக்கெழம சரியா இருந்துச்சே பாப்பா" என்றார். மறுபடியும் வாங்கிப் பார்த்தார். "ஆமா, கம்மியாத்தான் கீது. எங்கண்ணுதான் ஏமாந்துடுச்சு" என்று சொல்லிவிட்டுப் போய்க் கலந்தார். சரக்கு முழுக்க அந்த நிறத்தில்தான் அடித்தோம். ஜெர்மனியில் அவர்களுடைய பாதியோடு வைத்துப் பார்த்தால் எப்படிச் சேரும்?

ஆகவே எல்லாவற்றுக்கும் காரணம் நீயும் உன் விளையாட்டும்தான்.

மேலே உள்ள வரியை எழுதிவிட்டுக் கடிதத்தை மூடி வைத்தேன். இப்போது மறுபடி எடுத்திருக்கிறேன். அந்த வரி பொய், ஜோவின். அடித்துவிட்டு எழுதலாம், ஆனால் நான் எப்படிப்பட்டவள் என்று நீயும் பார்க்கட்டும் என்று விட்டிருக்கிறேன்.

சரக்கு திரும்பி வந்த அன்றே, மாறியது சாம்பிள்தான் என்று எனக்குப் புரிந்துவிட்டது. பையில் குழம்பு டப்பா கசிந்து எண்ணெய் பட்டிருக்கும் என்று நினைத்தேன். மேனேஜர் எங்களை எல்லாம் நிற்கவைத்து மாஸ்டர் சாம்பிள் எங்கே என்று கேட்டார். ஷேட் ரூமில் காணவில்லை சார் என்றேன். யாரும் பார்ப்பதற்குள் அதை எடுத்து என் ஹேண்ட்பேக்கில் போட்டிருந்தேன். "அப்ப வேலுதான் கண்டபடி கலந்திருக்கான்" என்றார். நான் வாயைத் திறக்கவில்லை. வேலு அண்ணனும் இல்லை என்று சொல்லவில்லை. அவர் தலையைக் குனிந்துகொண்டு நின்றார். கொஞ்ச நாளில் எனக்குப் பல்லாவரம் ஆபீஸில் பெரிய பொறுப்பு கொடுத்தார்கள், கேக் வாங்கி வந்து நீயும் அம்மாவும் கொண்டாடினீர்கள்.

நீ எண்ணெய் தேய்த்ததை எழுதியிருந்தாயே, அதைப் படித்ததும் எனக்கு முதலில் என்ன வந்தது தெரியுமா? நிம்மதி. என் குழம்பு டப்பா இல்லை, தம்பியின் எண்ணெய்தான் என்ற நிம்மதி. அதை நினைத்தால் எனக்கே அருவருப்பாக இருக்கிறது.

இருந்தாலும் கெஞ்சிக் கேட்கிறேன், போகாதே. மாஸ்டர் சாம்பிளை வீட்டுக்கு எடுத்துப் போனவள், பொய் சொன்னவள் என்று தெரிந்தால் வாணியம்பாடியிலிருந்து ராணிப்பேட்டை வரைக்கும் எந்தத் தோல் டேனரியிலும் என்னைச் சேர்க்க மாட்டார்கள். எனக்குத் தெரிந்தது இந்த ஒரு வேலைதான். அம்மாவை நினைத்துப் பார்.

கரோலின்


ஆம்பூர்
5 ஜூலை 2005

அக்கா,

போய்விட்டேன். உன் கடிதத்தை முழுக்கப் படித்துவிட்டுத்தான் போனேன்.

என் எண்ணெயைச் சொல்லி மன்னிப்புக் கேட்டுவிட்டு வந்துவிடலாம் என்றுதான் போனேன். வேலு அண்ணன் வாசலில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து மகளுடைய வண்ணப் பென்சில்களை வரிசையாக அடுக்கிக்கொண்டிருந்தார். என்ன செய்கிறீர்கள் அண்ணா என்று கேட்டேன். கொஞ்சம் வெட்கப்பட்டார்.

"கண்ணு எப்டி கீதுன்னு பாத்துக்கறேன் தம்பி. லேசுலேர்ந்து டார்க்கு வரைக்கும் அடுக்குவேன். அப்புறம் எங்க பாப்பா வந்து சரியான்னு சொல்லும்."

கண்ணுக்கு என்ன என்று கேட்டேன்.

"வேலூர்ல காட்டுனேன். டாக்டரு ஒண்ணுமில்ல, நல்லா கீதுன்னாரு. அவருக்கு எழுத்து தெரியுதான்னு பாக்கத் தெரியும். கலரு தெரியுதான்னு எப்டி பாப்பாரு? நானே கடையில சொல்லி இந்தக் கண்ணாடிய வாங்கிட்டேன். சனிக்கெழம ஒரு மாதிரியும் திங்கக்கெழம ஒரு மாதிரியும் தெரிஞ்சா அது இன்னா கண்ணு?"

அவர் மனைவி பாக்யலட்சுமி அக்கா உள்ளேயிருந்து வந்தார். மேல்விஷாரத்தில் ஒரு டேனரி சாயபு, கலர் கலக்க வரச்சொல்லி ஆள்மேல் ஆள் அனுப்பினாராம். இவர் போக மறுத்துவிட்டாராம். "நீயாவது சொல்லுப்பா. கை நிறைய சம்பளத்த வுட்டுட்டு முதுகு ஒடிய கட்டு தூக்கறாரு" என்றார். வேலு அண்ணன் அவரை முறைத்தார். "ஒருத்தர் சரக்க கெடுத்தது போதாதா? இன்னொருத்தருதும் கெடுக்கணுமா? நம்மளால அந்தப் பொண்ணுக்கே எவ்ளோ கஷ்டம்" என்றார். அந்தப் பொண்ணு நீதான் அக்கா. உன்னைத் தலைகுனிய வைத்துவிட்டதாக அவர் வருத்தப்பட்டுக்கொண்டிருக்கிறார்.

வேலை போனால் இன்னொரு வேலை தேடிக்கொள்வார் என்று நான் நினைத்திருந்தேன். நீயும் அப்படித்தான் நினைத்திருப்பாய். வேலை இருக்கிறது, கூப்பிடுகிறார்கள். அவர் கண்ணை அவரே நம்பவில்லை. நாம் அதைத்தான் எடுத்துக்கொண்டோம்.

நான் சொல்லாமல் திரும்பி வந்துவிட்டேன். உனக்குப் பயந்து இல்லை. நான் சொன்னால் எண்ணெயை மட்டும்தான் சொல்ல முடியும். ஹேண்ட்பேக்கை யார் சொல்வது? பாதியைச் சொல்லிவிட்டு மீதியை மறைத்தால் உன் பொய்யில் நானும் கூட்டாளி. கொடுத்த காப்பியைக் குடித்துவிட்டு வந்தேன். அதுவும் குற்றமாகத்தான் இருக்கிறது.

நீ வா அக்கா.

ஜோவின்


ஆம்பூர்
30 ஜூலை 2005

அக்கா,

பதில் இல்லை. போனில் அம்மாவோடு மட்டும் பேசிவிட்டு வைத்துவிடுகிறாய். சரி.

எனக்கு பெங்களூரில் வேலை கிடைத்துவிட்டது, திங்கட்கிழமை போய்ச் சேர வேண்டும். விலாசம் பின்பக்கம் எழுதியிருக்கிறேன். அந்தத் தளத்திலிருந்து என் தோல் மோட்டை எடுத்துவிட்டேன். ஆனால் ஏற்கெனவே இறக்கியவர்களிடமிருந்து எப்படிப் பிடுங்குவது? எந்தெந்த ஊரிலோ யார் யாரோ அந்தத் தப்பான நிறத்தைப் போட்டுக்கொண்டு திரிகிறார்கள்.

எண்ணெய் தேய்க்காத ஸ்கேனை வைத்துப் புதிதாக ஒன்று செய்தேன். ரேகை அவ்வளவாகத் தெரியாது, பார்க்கச் சுமாராகத்தான் இருக்கும். இங்கே நம் வீட்டுக் கம்ப்யூட்டரின் மேஜையில் சிடி இருக்கிறது. உனக்கு அனுப்பவில்லை. வேண்டுமானால் வந்து போட்டுக்கொள்.

ஜோவின்


ஆம்பூர்
14 ஆகஸ்ட் 2005

ஜோவின்,

மேலே விலாசத்தைப் பார்த்தாய் அல்லவா? வந்துவிட்டேன்.

உன் கடைசிக் கடிதத்துக்குப் பிறகும் சில நாள் சும்மாதான் இருந்தேன். ஒரு சாயங்காலம் உன் சிடியை எடுத்து, நீ எழுதிய வரிசைப்படி மோட்களைப் போட்டேன். காப்பி எடுத்து வைக்க மறந்துவிட்டேன், நீ திட்டுவாய். சம்பூர்ணம் அந்தக் கவசத்தோடு திரும்பி நின்றாள். அவ்வளவு அழகாகச் செய்திருக்கிறாய். நிஜமாகவே தோல்தான், தொட்டால் சூடாக இருக்கும் போல இருந்தது. அவள் முதுகைப் பார்த்தபடி அழுதேன். மறுநாள் ஆபீஸில் எல்லாவற்றையும் சொன்னேன். ஹேண்ட்பேக் உள்பட. என்னை வீட்டுக்குப் போகச் சொல்லிவிட்டார்கள், பிறகு கூப்பிடுவார்களாம். கூப்பிட மாட்டார்கள். வேலு அண்ணனைத் திரும்பக் கூப்பிட ஆள் அனுப்புவதாகச் சொன்னார்கள்.

ரயிலில் காட்பாடி வந்தபோது, இறங்கி அடுத்த வண்டியில் திரும்பிவிடலாம் என்று எழுந்துகூட நின்றுவிட்டேன். ஒரு பாட்டியம்மாள் என் இடத்தில் உட்காரப் போனார்கள், மறுபடி உட்கார்ந்துகொண்டேன்.

நேற்று வேலு அண்ணன் வீட்டுக்குப் போனேன். நின்றுகொண்டே சொன்னேன். எண்ணெயைச் சொன்னேன், மொட்டை மாடியைச் சொன்னேன். உங்கள் கண்ணில் ஒரு குறையும் இல்லை அண்ணா, உங்கள் ட்ரயல்தான் சரி, என் சாம்பிள்தான் தப்பு என்றேன். பாக்யலட்சுமி அக்கா சுவரில் சாய்ந்து உட்கார்ந்துவிட்டார். வேலு அண்ணன் மட்டும் சிரித்தார்.

"எனக்காக சொல்ற பாப்பா. மனசு ஆறட்டும்னு சொல்ற. வேணாம்."

நம்பவில்லை, ஜோவின். எவ்வளவோ சொல்லிப் பார்த்தேன். நான் இரக்கப்பட்டுக் கதை கட்டுகிறேன் என்றுதான் நினைத்தார். வேறு வழியில்லாமல் கையைப் பிடிக்காத குறையாக நம் வீட்டுக்கு அழைத்து வந்தேன்.

கம்ப்யூட்டர் முன்னால் உட்காரவைத்தேன். முதலில் எண்ணெய் தேய்த்த மோட்டோடு சம்பூர்ணத்தைக் காட்டினேன். பிறகு நீ மேஜையில் விட்டுப்போன சிடியைப் போட்டேன். 'பழைய ஃபைல் இருக்கிறது, அதன் மேலேயே எழுதிவிடட்டுமா?' என்று கேட்டது. ஆமாம் என்று அழுத்தினேன். மறுபடி விளையாட்டைத் திறந்தேன். அதே காடு, அதே இடம், அவள் வேறு நிறக் கவசத்தோடு நின்றாள்.

வேலு அண்ணன் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார். கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்தார்.

"இது சனிக்கெழம" என்றார். திரையைத் தொட்டுக் காட்டினார். "முன்ன காட்டுனியே, அது திங்கக்கெழம."

அம்மா அடுப்படி வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர்களுக்கு எதுவும் புரிந்திருக்காது. எனக்கு அந்த ஒரு நிமிஷம் எல்லாம் சரியாகிவிட்டது போல இருந்தது. அவர் முகம் அப்படி மலர்ந்திருந்தது. "சரியாத்தான் அடிச்சிருக்கேன். சரியாத்தான் அடிச்சிருக்கேன்" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். பிறகு என் பக்கம் திரும்பினார்.

"அப்ப அந்த சாம்பிளு அவ்ளோ நாளும் எங்க இருந்துச்சு?"

உனக்கு எழுதிய கடிதத்தில் ஒன்றை விட்டுவிட்டேன். உன்னிடம் சொல்லக்கூட வெட்கமாக இருந்தது. சாம்பிள் காணவில்லை என்று நான் பொய் சொன்னதும், வேலு அண்ணன் அதைத் தேடினார். தன்னைக் காப்பாற்றிக்கொள்ள இல்லை, என் பொறுப்பில் இருந்த பொருள், எனக்குத் திட்டு விழுமே என்று. ஷேட் ரூம் அலமாரியைக் காலி செய்தார். கம்பெனிக்குப் பின்னால் கழிவுத் துண்டுகளைக் கொட்டும் குவியலில் இறங்கி, நாற்றத்தில், கையால் கிளறினார். "கெடைச்சிடும் பாப்பா, நீ பயப்படாத" என்றார். நானும் பக்கத்தில் நின்று குனிந்து தேடுவது போலச் செய்தேன். சாம்பிள் என் தோளில் தொங்கிய பைக்குள் இருந்தது.

என் ஹேண்ட்பேக்கில் இருந்தது அண்ணா என்று சொன்னேன். அவர் நாற்காலி முதுகில் நான் மாட்டியிருந்த பையைப் பார்த்தார். அதே பழுப்புப் பைதான், வேறு வாங்கவில்லை.

"இந்தப் பையா?"

"ஆமாண்ணா."

எழுந்தார். அம்மாவிடம் மட்டும் வருகிறேன் என்று சொன்னார். செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டார். திட்டியிருக்கலாம், ஜோவின். அடித்திருந்தாலும் வாங்கிக்கொண்டிருப்பேன்.

அவர் கண்ணாடி மேஜையிலேயே இருந்தது. மறந்துவிட்டார், கொண்டுபோய்க் கொடு என்று அம்மா சொல்லிக்கொண்டே இருந்தார்கள். நான் கிளம்பவில்லை. இன்று காலை சர்ச்சுக்குக் கிளம்பும்போது பாக்யலட்சுமி அக்கா வாசலில் வந்து நின்றார். எடுத்து நீட்டினேன். வாங்கவில்லை.

"அவுரு மேல்விஷாரம் போய்ட்டாரு, காலைலயே. ஞாயித்துக்கெழம கூட சாயபு வரச்சொல்லிட்டாரு. கண்ணாடி வேணாமாம்" என்றார். "அத சொல்லிட்டு வரச் சொன்னாரு."

அவ்வளவுதானா, வேறு ஒன்றும் சொல்லவில்லையா என்று கேட்க வாய் வரை வந்தது. அக்கா உள்ளே வராமல், உட்காராமல், படியிலிருந்தே திரும்பிப் போய்விட்டார்.

இப்போது இதை எழுதுகிறேன். கண்ணாடி என் எதிரில்தான் இருக்கிறது. நான் சர்ச்சுக்குப் போகவில்லை. அம்மாவிடம் வயிற்று வலி என்று சொல்லியிருக்கிறேன்.

கரோலின்